பட்டாசு வணிகரின் சரக்கும் சட்டமும்: கைப்பற்றுதல் வழக்குகளின் வரலாறு

இந்தியாவில் பட்டாசு விற்பதற்கு அரசின் உரிமம் வேண்டும். உரிமம் பெற்ற கடையில் இருக்கும் சரக்கையும் காவல் துறையோ, வெடிபொருள் துறையோ, சுங்கத் துறையோ சில சமயங்களில் எடுத்துச் சென்றுவிடுவது உண்டு. அப்படி எடுத்தது சட்டப்படி சரியா, எடுத்த சரக்கு யாருக்குச் சொந்தம், அது திரும்பக் கிடைக்குமா என்னும் கேள்விகள் பல ஆண்டுகளாக நீதிமன்றங்களுக்கு வந்தபடி இருக்கின்றன. இக்கட்டுரை அந்த வழக்குகளுக்கு அடிப்படையான சட்டங்களையும், 2016 முதல் தில்லியில் நடந்த நீண்ட வழக்கையும் வரலாற்று வரிசையில் விளக்குகிறது.

கைப்பற்றுதலும் பறிமுதலும்

முதலில் இரண்டு சொற்களைப் பிரித்து அறிந்துகொள்ள வேண்டும். நாளிதழ்களில் "கடையில் 200 கிலோ பட்டாசு பறிமுதல்" என்று எழுதுகிறார்கள். சட்டத்தின் பார்வையில் அது பறிமுதல் அன்று, கைப்பற்றுதல். கைப்பற்றுதல் என்பது விசாரணைக்காகவோ பாதுகாப்புக்காகவோ ஒரு பொருளை அதிகாரி தற்காலிகமாகத் தம் பொறுப்பில் எடுத்துக்கொள்வது. அப்போதும் பொருளின் உரிமையாளர் மாறுவதில்லை. பறிமுதல் என்பது அந்த உரிமையையே அரசு எடுத்துக்கொள்வது. குற்றம் மெய்ப்பிக்கப்பட்ட பின் நீதிமன்றம் ஆணையிட்டாலோ, சுங்கச் சட்டம் போன்ற தனிச் சட்டங்களின் கீழ் உரிய அதிகாரி விசாரித்து ஆணையிட்டாலோ மட்டுமே அது நடக்கும்.

இந்த வேறுபாடு சொல்லளவில் சிறியது, விளைவில் பெரியது. ஒரு கடைக்காரரின் சரக்கு தீபாவளிக்குப் பத்து நாள் முன்பு கைப்பற்றப்பட்டு, ஓராண்டு கழித்து "குற்றம் இல்லை" என்று தீர்ப்பு வருகிறது என்று வைத்துக்கொள்வோம். சட்டப்படி சரக்கு எப்போதும் அவருடையதாகவே இருந்திருக்கிறது. ஆனால் அந்த ஆண்டின் விற்பனை போய்விட்டது. வாங்கிய கடனுக்கு வட்டி ஏறியிருக்கும், ஈரம் பட்ட பெட்டிகள் வெடிக்காமலும் போகலாம். கைப்பற்றுதல் வழக்குகள் பெரும்பாலும் இந்த இடைவெளியைப் பற்றியவை.

1884 ஆம் ஆண்டுச் சட்டம்

பட்டாசும் சட்டப்படி ஒரு வெடிபொருளே. கல் குவாரியில் பயன்படும் வெடிமருந்துக்கும் குழந்தை கையில் பிடிக்கும் கம்பி மத்தாப்புக்கும் தாய்ச் சட்டம் ஒன்றுதான்: 1884 ஆம் ஆண்டு வெடிபொருள் சட்டம். இங்கிலாந்தில் 1875 இல் இதே பொருள் பற்றி ஒரு சட்டம் வந்திருந்தது. ஒன்பது ஆண்டுகள் கழித்து ஆங்கிலேய இந்தியாவிலும் சட்டம் இயற்றப்பட்டது. தயாரித்தல், வைத்திருத்தல், விற்றல், கொண்டுசெல்லுதல், இறக்குமதி செய்தல் ஆகிய அனைத்தையும் உரிமத்தின் கீழ் கொண்டுவருவது அதன் நோக்கம்.

கைப்பற்றுதல் தொடர்பாக இச்சட்டத்தின் நான்கு பிரிவுகள் முக்கியமானவை.

பிரிவு 7: வெடிபொருள் இருக்கும் இடத்தில் நுழையவும், சோதனையிடவும், விலை கொடுத்து மாதிரி எடுக்கவும், பொருளைக் கைப்பற்றி அகற்றவும், தேவையானால் அழிக்கவும் அதிகாரிகளுக்கு விதிகளின் மூலம் அதிகாரம் அளிக்கலாம் என்கிறது.

பிரிவு 6உ (6E): 1978 ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்க்கப்பட்டது. உரிமத்தை நிறுத்திவைக்கவோ நீக்கவோ செய்யும் அதிகாரி காரணங்களை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும் என்கிறது. அடுத்து வரும் பிரிவு மேல்முறையீட்டுக்கு வழி செய்கிறது.

பிரிவு 9ஆ: இதுவும் 1978 திருத்தத்தில் வந்தது. விதிகளையோ உரிம நிபந்தனைகளையோ மீறித் தயாரிப்பவருக்கு 3 ஆண்டு வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். மீறி வைத்திருப்பவருக்கும் விற்பவருக்கும் 2 ஆண்டு வரை சிறை அல்லது 3,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும்.

பிரிவு 10: இச்சட்டத்தின் கீழ் ஒருவர் தண்டிக்கப்பட்டால், வெடிபொருளை அது இருக்கும் கலத்தோடு பறிமுதல் செய்ய நீதிமன்றம் ஆணையிடலாம் என்கிறது.

பிரிவு 7 கைப்பற்றும் அதிகாரியைப் பற்றியது, பிரிவு 10 தண்டிக்கும் நீதிமன்றத்தைப் பற்றியது. இரண்டுக்கும் நடுவில் ஒரு விசாரணை இருக்க வேண்டும் என்று 1884 ஆம் ஆண்டிலேயே எண்ணியிருக்கிறார்கள்.

சிவகாசியும் விதிகளும்

1923 இல் சிவகாசியைச் சேர்ந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்று ஊர் திரும்பினர். அதிலிருந்தே அவ்வூரின் தீப்பெட்டித் தொழிலும், பின்னர் பட்டாசுத் தொழிலும் வளர்ந்தன. 1940 இல் வெடிபொருள் விதிகள் வகுக்கப்பட்ட பின் உரிமம் பெற்ற பட்டாசுத் தொழிற்சாலைகள் பெருகின. நாட்டில் விற்கும் பட்டாசில் மிகப் பெரும் பங்கு சிவகாசி, சாத்தூர், விருதுநகர் வட்டாரத்தில் உருவாவதால், தில்லியில் ஒரு கடைக்காரரின் சரக்கு கைப்பற்றப்பட்டால் அதன் அதிர்வு இங்கும் உணரப்படுகிறது. கடைக்காரர் பலரும் முன்பணம் மட்டும் கொடுத்து, விற்ற பின் மீதியைத் தீர்ப்பவர்கள்.

1940 விதிகளுக்குப் பின் 1983 விதிகளும், இப்போது நடைமுறையிலுள்ள 2008 விதிகளும் வந்தன. பண்டிகைக் காலத் தற்காலிகக் கடைகளுக்கு 2008 விதிகள் தெளிவான அளவுகளைச் சொல்கின்றன. கொட்டகை தீப்பற்றாத பொருளால் ஆனதாக இருக்க வேண்டும். ஒரு கடைக்கும் அடுத்த கடைக்கும் குறைந்தது 3 மீட்டர் இடைவெளி வேண்டும். பாதுகாக்கப்பட வேண்டிய கட்டடங்களிலிருந்து 50 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். கடைகள் ஒன்றையொன்று பார்த்தபடி இருக்கக் கூடாது. எண்ணெய் விளக்கும் எரிவாயு விளக்கும் கூடாது. ஓரிடத்தில் 50 கடைகளுக்கு மேல் கூடாது.

இந்த அளவுகள் காரணமின்றி வைக்கப்பட்டவை அல்ல. 2012 செப்டம்பர் 5 அன்று சிவகாசி அருகே முதலிப்பட்டியில் ஒரு பட்டாசு ஆலையில் நடந்த வெடிவிபத்தில் 30-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். 2023 அக்டோபர் 7 அன்று ஓசூரை அடுத்த கர்நாடக எல்லையிலுள்ள அத்திப்பள்ளியில் ஒரு பட்டாசுக் கடையும் கிடங்கும் எரிந்ததில் 10-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அவர்களில் பலர் பண்டிகைக் கால வேலைக்காகத் தமிழ்நாட்டிலிருந்து சென்ற இளைஞர்கள். ஆகவே கூடுதல் சரக்கைக் கைப்பற்றும் அதிகாரமே கூடாது என்று யாரும் வாதிடுவதில்லை. அந்த அதிகாரம் எப்போது, எந்த முறையில், எந்த அளவுக்குப் பயன்பட வேண்டும் என்பதே வழக்கு.

உரிமம் இருந்தும் சிக்கும் சரக்கு

உரிமம் பெற்ற வணிகரின் சரக்கு கைப்பற்றப்படும் சூழல்களை மூன்றாகப் பிரிக்கலாம்.

முதலாவது, நிபந்தனை மீறல். அனுமதித்த அளவுக்கு மேல் வைத்திருத்தல், உரிமத்தில் சொன்ன இடத்தை விட்டு வீட்டிலோ வேறு அறையிலோ அடுக்குதல், காலாவதியான உரிமத்தோடு விற்றல் ஆகியவை இதில் அடங்கும். இவ்வகை வழக்கில் எழும் முக்கியமான கேள்வி, மிகையான பகுதியை மட்டும் எடுக்க வேண்டுமா, கடையையே காலி செய்யலாமா என்பது.

இரண்டாவது, பொருளே தடை செய்யப்பட்டதாக இருத்தல். 1992 ஜனவரியில் மத்திய அரசு கந்தகத்தோடு குளோரேட் கலந்த வெடிபொருள்களைத் தடை செய்தது. அக்கலவை உராய்விலும் அதிர்விலும் தானே வெடிக்கக் கூடியது. சீனப் பட்டாசுகள் இந்நாட்டில் பிடிபடுவதற்குக் குளோரேட்டு ஒரு காரணம். இறக்குமதி உரிமம் இல்லாமை மற்றொன்று. அவை துறைமுகத்தில் சிக்கினால் 1962 ஆம் ஆண்டுச் சுங்கச் சட்டம் பாயும். அச்சட்டத்தில் கைப்பற்றுதலுக்கும் பறிமுதலுக்கும் தனித்தனிப் பிரிவுகள் உள்ளன. கைப்பற்றிய 6 மாதத்துக்குள் காரணம் கேட்கும் அறிவிப்பு தரப்பட வேண்டும் என்றும் அது சொல்கிறது. உரிய அதிகாரி இக்காலத்தை நீட்டிக்கலாம்.

பின்னர் 1999 அக்டோபரில் ஒலி அளவு வரையறை வந்தது. வெடிக்கும் இடத்திலிருந்து 4 மீட்டர் தொலைவில் 125 டெசிபலுக்கு மேல் ஒலி எழுப்பும் வெடிகளைத் தயாரிக்கவோ விற்கவோ கூடாது என்றானது. 2005 ஜூலை 18 அன்று உச்ச நீதிமன்றம் ஒலி மாசு வழக்கில், இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை ஒலி எழுப்பும் வெடிகளை வெடிக்கத் தடை விதித்தது. ஒவ்வொரு பெட்டியிலும் வேதிப்பொருள் விவரம் அச்சிடப்பட வேண்டும் என்றும் கூறியது. இந்த அச்சு விவரமே சில்லறைக் கடைக்காரரின் கைத்தடி ஆயிற்று. சோதனைக்கூடம் அவரிடம் இல்லை. பெட்டியில் என்ன எழுதியிருக்கிறதோ அதை நம்பித்தான் வாங்குகிறார்.

மூன்றாவது, வாங்கும்போது சட்டப்படி சரியாக இருந்த சரக்கு, பின்னர் வந்த ஓர் ஆணையால் விற்க முடியாததாக ஆகிவிடுதல். தில்லி வழக்கு இந்த வகை.

தில்லி: 2016 முதல் 2018 வரை

2015 இல் மூன்று குழந்தைகளின் பெயரால், அவர்களின் தந்தையர் வழியாக, உச்ச நீதிமன்றத்தில் ஒரு மனு தாக்கலானது. தில்லியின் காற்று குழந்தைகளின் நுரையீரலைக் கெடுக்கிறது, பட்டாசைத் தடுக்க வேண்டும் என்பது கோரிக்கை. அர்ஜுன் கோபால் வழக்கு என்று அது அறியப்படுகிறது.

2016 அக்டோபர் 30 அன்று தீபாவளி. அதைத் தொடர்ந்த நாட்களில் தில்லியைப் புகைமூட்டம் மூடியது. நவம்பர் 11 அன்று நீதிமன்றம் தேசியத் தலைநகர் வட்டாரத்தில் மொத்த, சில்லறைப் பட்டாசு விற்பனை உரிமங்கள் அனைத்தையும் நிறுத்திவைத்தது. புதிய உரிமம் தரவும் பழையதைப் புதுப்பிக்கவும் தடை விதித்தது.

உரிமம் நின்றது, சரக்கு கிடங்கில் இருந்தது. விற்கும் உரிமை இல்லாதபோது வைத்திருக்கும் உரிமை மட்டும் உண்டா? வணிகர்கள் மீண்டும் நீதிமன்றம் சென்றனர். 2017 செப்டம்பர் 12 அன்று நீதிமன்றம் தடையைத் தற்காலிகமாக நீக்கியது. தற்காலிக உரிமங்களின் எண்ணிக்கையை முந்தைய ஆண்டின் பாதியாகக் குறைத்தது. தில்லிக்கு 500 என்று உச்சவரம்பு வைத்தது. வட்டாரத்தில் ஏற்கெனவே சுமார் 50 லட்சம் கிலோ பட்டாசு இருப்பதாகவும், அதுவே தேவைக்கு மிக அதிகம் என்றும் கருதி, வெளியிலிருந்து புதிதாகக் கொண்டுவரத் தடை விதித்தது. நிரந்தர உரிமதாரர்கள் இருப்பை விற்றுத் தீர்க்கலாம், முடியாவிட்டால் வட்டாரத்துக்கு வெளியே அனுப்பலாம் என்றது.

இதை நம்பிப் பலர் தற்காலிக உரிமம் பெற்றனர், சரக்கு வாங்கினர். 27 நாட்கள் சென்றன. அக்டோபர் 9 அன்று வேறொரு அமர்வு, 2016 ஆணையின் பயன் ஒரு தீபாவளியிலாவது சோதித்துப் பார்க்கப்பட வேண்டும் என்று சொல்லி, செப்டம்பர் ஆணை நவம்பர் 1 முதலே நடைமுறைக்கு வரும் என்று மாற்றியது. இடையில் தரப்பட்ட தற்காலிக உரிமங்கள் உடனே நிறுத்திவைக்கப்பட்டன. அவ்வாண்டுத் தீபாவளி அக்டோபர் 19.

வணிகர்கள் மறுபடியும் முறையிட்டனர். நீதிமன்றம் அனுமதித்ததால்தான் பணம் போட்டோம் என்றனர். அக்டோபர் 13 அன்று அந்தக் கோரிக்கை மறுக்கப்பட்டது. அதன் பின் விற்றவர்களிடமிருந்து காவல் துறை சரக்கைக் கைப்பற்றியது.

மாணவர்கள் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். பிரிவு 6உ-வின் கீழ் உரிமம் நிறுத்தப்பட்டால் காரணம் எழுதப்பட வேண்டும், மேல்முறையீடும் உண்டு. 2016, 2017 ஆணைகளோ தனித்தனி வணிகரின் தவற்றைப் பார்த்து வந்தவை அல்ல. நாட்டின் உச்ச நீதிமன்றமே பொதுவாக இட்டவை. தவறு ஏதும் செய்யாத உரிமதாரரும் ஒரே நாளில் விற்க முடியாதவர் ஆனார். அவருக்குச் செல்ல வேறு மேல் நீதிமன்றமும் இல்லை.

2018 அக்டோபர் 23 அன்று விரிவான தீர்ப்பு வந்தது. முழுத் தடை மறுக்கப்பட்டது. தொழில் செய்யும் உரிமையை அரசமைப்பின் 19 ஆம் பிரிவும், வாழும் உரிமையை 21 ஆம் பிரிவும் தருகின்றன. நலவாழ்வு 21 ஆம் பிரிவின் பகுதி என்றும், வருவாய் இழப்பைக் காட்டி அதைப் பின்னுக்குத் தள்ள முடியாது என்றும் நீதிமன்றம் கருதியது. மாசு குறைந்த பட்டாசுகளுக்கும் பசுமைப் பட்டாசுகளுக்கும் மட்டும் அனுமதி அளித்தது. பேரியம் உப்புகளுக்கும் சரவெடிக்கும் தடை விதித்தது. உரிமம் பெற்றவர் மட்டுமே விற்க வேண்டும், இணைய வணிகம் கூடாது என்றது. தடைசெய்யப்பட்ட பட்டாசு விற்கப்பட்டால் அந்தக் காவல் நிலைய அதிகாரியே நீதிமன்ற அவமதிப்புக்குப் பொறுப்பாவார் என்றும் கூறியது. பொறுப்பு தம் தலையில் விழும் என்னும்போது, ஐயமுள்ள சரக்கை விட்டுவிடுவதைவிட எடுத்து வைப்பதே அதிகாரிக்குப் பாதுகாப்பு.

சில நாட்களில் ஒரு விளக்கமும் வந்தது. பசுமைப் பட்டாசு நிபந்தனை தலைநகர் வட்டாரத்துக்கு உரியது, ஏற்கெனவே தயாரான பட்டாசுகளைப் பிற பகுதிகளில் விற்கலாம் என்பது அது. தமிழ்நாட்டில் வெடிக்கும் நேரம் காலை ஒரு மணி நேரம், மாலை ஒரு மணி நேரம் எனப் பிரிக்கப்பட்டது இதன் தொடர்ச்சியே.

அதன் பின்

2020 நவம்பர் 9 அன்று தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் அம்மாதம் முடியும் வரை தலைநகர் வட்டாரத்தில் எல்லாப் பட்டாசுக்கும் தடை விதித்தது. 2021 அக்டோபர் 29 அன்று கல்கத்தா உயர் நீதிமன்றம் மேற்கு வங்கத்தில் முழுத் தடை விதிக்க, நவம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. அதே அக்டோபர் 29 அன்று உச்ச நீதிமன்றம் பேரியம், சரவெடித் தடையை மீண்டும் வலியுறுத்தியிருந்தது.

தில்லி அரசு ஆண்டுதோறும் தடை அறிவித்துவந்தது. 2022 இல் அது வெளியிட்ட அறிவிப்பின்படி, வெடிப்பவருக்கு 200 ரூபாய் அபராதமும் 6 மாதம் வரை சிறையும். சேமிப்பவருக்கும் விற்பவருக்கும் பிரிவு 9ஆ-யின் கீழ் 5,000 ரூபாய் வரை அபராதமும் 3 ஆண்டு வரை சிறையும். 2024 டிசம்பரில் அத்தடை ஆண்டு முழுவதற்குமானது ஆயிற்று. 2025 ஏப்ரலில் அதைத் தளர்த்த உச்ச நீதிமன்றம் மறுத்தது. அதே ஆண்டு அக்டோபர் 15 அன்று பசுமைப் பட்டாசுகளைத் தீபாவளியையொட்டிச் சில நாட்கள் மட்டும் விற்க அனுமதித்தது. ஒரே ஆண்டுக்குள் அதே பெட்டி தடைசெய்யப்பட்ட பொருளாகவும் அனுமதிக்கப்பட்ட பொருளாகவும் இருந்திருக்கிறது.

கைப்பற்றிய சரக்கு எங்கே போகிறது?

பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 102 ஆம் பிரிவின்படி, கைப்பற்றிய பொருளைப் பற்றிக் காவல் அதிகாரி உடனே நீதித்துறை நடுவருக்கு அறிக்கை தர வேண்டும். 451, 457 ஆம் பிரிவுகள் விசாரணைக் காலத்தில் அப்பொருளை யாரிடம் வைப்பது, திரும்ப ஒப்படைப்பது என்பவற்றைச் சொன்னவை. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள புதிய சட்டத்திலும் இவற்றுக்கு இணையான பிரிவுகள் இருக்கின்றன.

2002 அக்டோபர் 1 அன்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு முக்கிய வழிகாட்டுதலைத் தந்தது. கைப்பற்றிய பொருள்கள் காவல் நிலையத்தில் ஆண்டுக்கணக்கில் கிடந்து அழியக் கூடாது. மகஜர் எழுதி, புகைப்படம் எடுத்து, பொருளை விரைவில் உரியவரிடம் ஒப்படைக்கவோ அகற்றவோ வேண்டும் என்பது அதன் சாரம். அவ்வழக்கு நகை, பணம், வாகனம், மது போன்றவற்றைப் பற்றிப் பேசியது. ஆனால் அதன் கருத்து பட்டாசுக்கு இன்னும் கூடுதலாகவே பொருந்தும். காவல் நிலையம் வெடிமருந்துக் கிடங்கு அன்று. 3 மீட்டர், 50 மீட்டர் என்று கடைக்காரரிடம் அளந்து பார்த்துக் கைப்பற்றிய சரக்கை, ஊர் நடுவே உள்ள நிலையத்தின் பின்னறையில் அடுக்கினால் சட்டத்தின் நோக்கமே கெட்டுவிடும்.

தடைசெய்யப்பட்ட கலவை என்றால் மாதிரி எடுத்துக்கொண்டு மீதியைப் பாதுகாப்பாக அழிப்பதே வழி. அனுமதிக்கப்பட்ட பொருள், அளவுதான் மிகை என்றால், வேறோர் உரிமம் பெற்ற கிடங்கில் வைக்கலாம். அல்லது விற்கலாம் என்ற நிபந்தனையோடு ஒப்படைக்கலாம். பொருளைத் திரும்பக் கேட்டு வணிகர் இடும் மனுவில் நடுவர் பார்ப்பவை எளியவை: உரிமம் நடப்பில் உள்ளதா, கொள்முதல் ரசீது உண்டா, பெட்டியில் விவரம் உள்ளதா, மகஜரில் வகையும் எடையும் தனித்தனியாக எழுதப்பட்டுள்ளனவா. "பட்டாசு, 40 பெட்டி" என்று மட்டும் எழுதிய மகஜர் இரு தரப்புக்கும் பயன்படாது. எத்தனை சரவெடி, எத்தனை புஸ்வாணம், எவ்வளவு எடை என்று இல்லாவிட்டால், எது தடைசெய்யப்பட்டது என்று நீதிமன்றம் எப்படிக் காணும்?

எஞ்சி நிற்கும் கேள்வி

இந்த வரலாற்றில் இரு தரப்புக்கும் நியாயம் இருக்கிறது. மூச்சுத் திணறும் குழந்தைக்குத் தீபாவளிக்கு முன்பே பாதுகாப்பு வேண்டும். வழக்கு முடியும் வரை அது காத்திருக்க முடியாது. கடன் வாங்கிச் சரக்கு எடுத்த சில்லறை வணிகருக்கும் தீபாவளிக்கு முன்பே பதில் வேண்டும். சட்டத்தில் அவருக்கு உள்ள அதிகபட்ச அபராதம் சில ஆயிரம் ரூபாய். சரக்கு நின்றுபோனால் அவர் இழப்பது அதைப் போல் பல மடங்கு. அதுவும் தீர்ப்பு வருவதற்கு முன்பே.

விதி மாறும் நாளுக்கும் அது நடைமுறைக்கு வரும் நாளுக்கும் இடையே, இருப்பைத் தீர்க்கவோ திருப்பி அனுப்பவோ போதிய காலம் தருவது இந்த இழப்பைக் குறைக்கும். 2017 செப்டம்பர் ஆணையில் வெளியே அனுப்ப வழி சொல்லப்பட்டது. அக்டோபர் ஆணைக்கும் தீபாவளிக்கும் இடையே இருந்தவை 10 நாட்கள் மட்டுமே. இழப்பீடு பற்றி 1884 சட்டத்தின் கைப்பற்றுதல் பிரிவு பேசுவதில்லை. மாதிரிக்கு மட்டும் விலை கொடுக்கச் சொல்கிறது. மாதிரியாக எடுத்த ஒரு பெட்டிக்கு விலை உண்டு, தவறாகக் கைப்பற்றி வீணான நூறு பெட்டிக்கு என்ன என்பதை அச்சட்டம் நீதிமன்றங்களுக்கே விட்டிருக்கிறது.